இடி மேஸ்திரி மரியாதையாகப் பேசிய நாள்

எங்கள் தெருவில் இடி மேஸ்திரி என்றால் எல்லோருக்கும் தெரியும். பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று இருக்கத்தான் செய்யும். அதைக் கேட்டால் அவருடைய மனைவியே கொஞ்சம் யோசித்துத்தான் சொல்வார். அவர் வேலை செய்யும் கட்டடத்தைத் தேடி யாரும் விலாசம் கேட்டு அலைய வேண்டியதில்லை. தெரு முக்கில் நின்று காது கொடுத்தால் போதும். "ஏய், சட்டியை மடியில வச்சுக் கொஞ்சாத, மேல குடு!" என்ற குரல் எந்தப் பக்கமிருந்து வருகிறதோ அந்தப் பக்கம் நடக்கலாம்.

ஆளைப் பார்த்தால் நம்ப மாட்டீர்கள். ஒல்லி. சட்டை ஆணியில் மாட்டியது போலத் தொங்கும். அந்த உடம்பில் அவ்வளவு குரல் எங்கே இருக்கிறது என்று புதிதாக வேலைக்கு வருகிறவர்கள் சுற்றுமுற்றும் பார்ப்பார்கள். கலவைச் சட்டி தூக்க வந்து, பூசுகிற கரணை பிடித்து, கொத்தனாராகி, பிறகு மேஸ்திரி ஆனவர். ஒவ்வொரு படியிலும் தான் வாங்கிய திட்டையெல்லாம் சேர்த்து வைத்து எங்களுக்கு வட்டியோடு திருப்பித் தருகிறார் என்று நான் சொல்வதுண்டு. வீட்டுக்குப் போனால் வேறு ஆள். தையல் மிஷினில் உட்கார்ந்திருக்கும் மனைவியிடம் "தண்ணி இருக்கா?" என்று அவர் கேட்பது இரண்டாம் தடவைதான் காதில் விழும். அந்த அம்மாவை நாங்கள் அண்ணி என்று கூப்பிடுவோம். "பகல் பூரா வெளியிலேயே கொட்டிட்டு வந்துடுறாரு, வீட்டுக்குன்னு மிச்சம் ஒண்ணும் இல்ல" என்பார் அண்ணி.

நான் கான்கிரீட் கலக்கும் மிஷின் ஓட்டுகிறவள். என்னைவிட மூத்தவர்களும் என்னை மிஷினக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். முதலில் சண்டை போட்டுப் பார்த்தேன், பிறகு விட்டுவிட்டேன். இடி மேஸ்திரியோடு எத்தனை தளம் போட்டிருப்பேன் என்று கணக்கில்லை. தண்ணீர் ஒரு குவளை கூடிவிட்டால் போதும், "இது கலவையா, குளமா? மீன் வாங்கி விடவா?" என்று மேலேயிருந்து சத்தம் வரும். எனக்கும் மூக்கு நுனியில் கோபம். "வாங்கி விடுங்க, மத்தியானத்துக்கு ஆகும்" என்று நானும் கத்துவேன். ஆனால் கை தானாகத் தண்ணீரைக் குறைத்துவிடும்.

அவர் திட்டுவதில் ஒரு முறை உண்டு. அது புரியாதவர்கள் ஒரே நாளில் வேலையை விட்டு ஓடியிருக்கிறார்கள். தப்பு நடப்பதற்கு முன்னால்தான் திட்டுவார். நடந்துவிட்டால் வாயே திறக்க மாட்டார். எங்கள் கூட்டத்தில் சுருட்டை என்று ஒருத்தி இருக்கிறாள், தலைமுடியால் வந்த பெயர். ஒரு தடவை, இழுத்து மட்டம் பார்த்து முடித்த தரையில் கால் வழுக்கி, சட்டியோடு கலவையைக் கவிழ்த்துவிட்டாள். இன்றைக்கு இவள் கதை முடிந்தது என்று நாங்கள் கண்ணை மூடிக்கொண்டோம். மேஸ்திரி ஒன்றும் பேசாமல் குந்தி உட்கார்ந்து, கரணையை எடுத்து அந்த இடத்தைச் சரி செய்துவிட்டு எழுந்து போனார். அவர் திட்டியிருந்தால் அவள் அழுதிருக்க மாட்டாள்.

தளம் போடுவது மற்ற வேலை மாதிரி இல்லை என்பதைச் சொல்லிவிட வேண்டும். சுவரைப் பாதியில் விட்டுவிட்டு நாளைக்கு வந்து கட்டலாம். பூச்சு வேலையையும் நிறுத்தலாம். கூரைத் தளத்தைத் தொடங்கிவிட்டால் முடித்துவிட்டுத்தான் இறங்க வேண்டும். பாதியில் நின்றால் போட்டது இறுகிவிடும், அப்புறம் போடுவது அதோடு சேராது. அந்த ஒட்டு வழியாக ஆயுசுக்கும் ஒழுகும்.

கீழே நான் கலந்து கொட்டுவேன். இரண்டு பேர் சட்டியில் அள்ளித் தருவார்கள். சாரத்தில் அடுக்கடுக்காகப் பலகை போட்டு ஆட்கள் நிற்பார்கள், சட்டி கை மாறி மாறி மேலே போகும். மேலே கொட்டியதும் காலிச் சட்டியை ஓரமாகக் கீழே போடுவார்கள். கீழே ஒருவர் அதைப் பொறுக்கி மறுபடி என்னிடம் கொண்டுவர வேண்டும். ஒரு கை தாமதித்தால் எல்லாக் கையும் தாமதிக்கும். என் மிஷின் போடும் சத்தத்தில் பக்கத்தில் நிற்பவர் பேசுவதே கேட்காது. அதையும் மீறிக் கேட்பது மேஸ்திரியின் குரல் ஒன்றுதான். தளத்தின் ஓரத்தில் நின்று மேலும் பார்ப்பார், கீழும் பார்ப்பார். "தலை!" என்றால் காலிச் சட்டி வருகிறது. "என்ன, சட்டிக்குச் சொந்தக் கதை சொல்லிக்கிட்டு நிக்கிறியா?" என்றால் நடு அடுக்கில் தேங்குகிறது. அந்தச் சத்தத்தின் மேல்தான் எங்கள் கையும் காலும் ஓடிக்கொண்டிருந்தன. அப்போது இது எங்களில் யாருக்கும் தெரியாது, அவருக்கே தெரியாது.

நாங்களெல்லாம் ஊரார் வீட்டைக் கட்டிவிட்டு வாடகை அறையில் படுத்துக் கிடந்தவர்கள். பத்துப் பன்னிரண்டு குடும்பங்கள் சேர்ந்து, ஊர் ஓரத்தில் ஒரே வரிசையில் ஆளுக்கொரு துண்டு நிலம் வாங்கினோம். ஒருவர் வீட்டுக்குத் தளம் போடும் நாளில் மற்ற எல்லோரும் கூலி இல்லாமல் வந்து நிற்க வேண்டும் என்று எங்களுக்குள் பேச்சு. எழுத்தில் ஒன்றும் கிடையாது. எல்லாத் தளத்துக்கும் மேஸ்திரிதான் முன்னால் நின்றார். "என் வீடு கடைசியில இருக்கட்டும். தப்பையெல்லாம் உங்க வீட்டுல பண்ணி முடிச்சுட்டு என் வீட்டுக்கு வாங்க" என்று சொல்லிச் சிரித்தார். அதை நாங்களும் வேடிக்கையாகத்தான் எடுத்துக்கொண்டோம்.

நெட்டையின் வீட்டில்தான் வம்பு வந்தது. நெட்டை கம்பி கட்டுகிறவன். வாசலில் குனிந்துதான் நுழைய வேண்டும், அவ்வளவு உயரம். அவனுக்குக் கீழே நாலைந்து பேர் வேலை செய்கிறார்கள், அவன் எழுந்தால் எழுவார்கள், உட்கார்ந்தால் உட்காருவார்கள். அவன் வீட்டுத் தளம் அன்றைக்கு. அவனே சாரத்தில் நின்று சட்டி வாங்கிக்கொண்டிருந்தான். சந்தோஷத்தில் ஆளுக்குக் கால் தரையில் இல்லை. சட்டியைக் கையில் வைத்துக்கொண்டு தெருவைப் பார்த்துச் சிரித்தபடி நின்றான். மேலேயிருந்து மேஸ்திரி சும்மா விடுவாரா? "நெட்டை, உன் உசரம் எதுக்கு, வௌவால் தொங்கவா? எட்டிக் குடுடா! உனக்குப் பொண்ணு குடுத்தவனுக்குக் கண்ணு தெரியாதா?"

பெண் கொடுத்தவர் கீழேதான் நின்றுகொண்டிருந்தார். வெளுத்த சட்டையும் கையில் டீயுமாக, மாப்பிள்ளை வீடு கட்டும் அழகைப் பார்க்க அன்றைக்குத்தான் வந்திருந்தார். நெட்டை தெருவைப் பார்த்துச் சிரித்ததும் அவரைப் பார்த்துத்தான். மேஸ்திரிக்கு அந்த மனிதரை முன்னே பின்னே தெரியாது.

நெட்டை சட்டியை அப்படியே கீழே போட்டான். இறங்கினான். நடந்தான். தன் வீட்டுக் கூரை போடும் நாளில் தானே வெளிநடப்பு செய்த ஆள் உலகத்தில் அவன் ஒருவனாகத்தான் இருப்பான். அவன் ஆட்களும் பின்னால் போனார்கள். மிச்சம் இருந்தவர்கள் முட்டி தேய அந்தத் தளத்தை முடித்தோம். மேஸ்திரி அன்று தானே சாரத்தில் இறங்கி நெட்டையின் இடத்தில் நின்று சட்டி வாங்கினார். வாயைத் திறக்கவில்லை.

அதன் பிறகு இருவருக்கும் பேச்சு நின்றது. மேஸ்திரிக்கு மன்னிப்புக் கேட்க வராது. அந்த வார்த்தை அவர் வாயில் நுழையாது. நெட்டை வீட்டு வாசல்கால் சற்றுச் சாய்ந்திருந்தது. ஆள் இல்லாத நேரம் பார்த்துப் போய் அதை நிமிர்த்திவிட்டு வந்தார். நெட்டை வந்து பார்த்து, யார் செய்தது என்று புரிந்துகொண்டு, "கதவு சரியாயிடுச்சு, வாய்?" என்று மட்டும் கேட்டான். அந்தக் கேள்வியை நான் மேஸ்திரியிடம் கொண்டுபோய்ச் சேர்க்கவில்லை. சிலதைச் சுமக்காமல் இருப்பதும் உதவிதான்.

இப்படியிருக்கும்போது அவருடைய முறை வந்தது. வரிசையில் கடைசி வீடு. மழைக்காலம் தலைக்கு மேல் வந்துவிட்டது. முட்டு கொடுத்து, பலகை அடித்து, கம்பி கட்டி எல்லாம் தயார். கம்பியை வெளியாள் ஒருவரை வைத்துக் கட்டியிருந்தார், நெட்டையிடம் கேட்கவில்லை. நாள் குறித்து எல்லோருக்கும் சொல்லியனுப்பினார். நெட்டை வீட்டுக்கு அண்ணி நேரில் போய்ச் சொன்னார். "பாக்கலாம் அண்ணி" என்று சொன்னானாம். நெட்டையும் அவன் ஆட்களும் வராவிட்டால் சாரத்தில் ஒரு அடுக்கே காலி. வந்துவிட்டுப் பாதியில் போனால் அதைவிட மோசம்.

முதல் நாள் சாயங்காலம் நான் அவர்கள் அறைக்குப் போயிருந்தேன். டீசலுக்கு ஏற்பாடு கேட்கத்தான் போனேன். அண்ணி தைத்த துணியை மடித்து வைத்தபடியே சொன்னார்: "இத பாருங்க, நாளைக்கு வர்றவங்க யாரும் உங்க சம்பளத்துக்கு வரல. நம்ம கூரைக்காகச் சும்மா வர்றாங்க. ஒரே ஒரு நாள், அந்த வாயைக் கட்டி வைங்க. யாரையும் டா போடாதீங்க. தன்மையா பேசுங்க. உங்க வாயால நம்ம தளம் பாதியில நின்னா நான் அந்த வீட்டுல கால் வைக்க மாட்டேன்."

மேஸ்திரி தலையை ஆட்டினார். என்னையும் பார்த்தார். நானும் பெரிய மனுஷி போல, "அண்ணி சொல்றது சரிதான்" என்றேன். அறிவு அவ்வளவுதான் வேலை செய்தது எனக்கு.

விடிந்ததும் ஒவ்வொருவராக வந்தார்கள். சுருட்டை வந்தாள், கரண்டு வேலை பார்க்கும் வயர்மேன் வந்தார், வரிசை வீட்டுப் பெண்கள் எல்லோரும் வந்தார்கள். மேஸ்திரி தெரு முக்கையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் மிஷினுக்கு எண்ணெய் விட்டு, ஜல்லியை இழுத்துப் போட்டு, சும்மாவே மணலைக் கிளறிக்கொண்டிருந்தேன். கடைசியில் அந்த நெடிய உருவம் தெரிந்தது. பின்னால் அவன் ஆட்கள். மேஸ்திரி முகத்தில் ரத்தம் திரும்பி வந்ததை நான் பார்த்தேன். நெட்டை அவரைத் தாண்டி நேராக என்னிடம் வந்து, "கூரை போட வந்தேன்க்கா, மூஞ்சி பாக்க வரல" என்று சொல்லிவிட்டு சாரத்தின் நடு அடுக்கில் ஏறி நின்றான். எப்படியோ வந்தானே, அது போதும்.

மிஷினை முடுக்கினேன். முதல் கலவை கொட்டியது. சட்டி மேலே போனது. ஓரத்தில் நின்ற மேஸ்திரி தொண்டையைச் செருமினார். நாங்கள் எல்லோரும் பழக்கத்தில் தோளைக் குறுக்கிக்கொண்டோம்.

"எல்லாரும்... கொஞ்சம் பாத்து... நிதானமா செய்யுங்க. அவசரம் ஒண்ணும் இல்ல."

கை எல்லாம் ஒரு நொடி நின்றது. நாங்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். தளம் போடும்போது அவசரம் இல்லை என்று ஒரு மேஸ்திரி சொன்னால் அவருக்கு ஏதோ ஆகிவிட்டது என்று அர்த்தம். சுருட்டை என் காதருகில் வந்து, "அக்கா, அவருக்கு நெஞ்சு வலி கிஞ்சு வலி இருக்கா?" என்று கேட்டாள்.

பிறகு என் முறை. கலவையில் எனக்கே தெரிந்து தண்ணீர் கூடியிருந்தது. மேலேயிருந்து எட்டிப் பார்த்தார். நான் பதில் தயாராக வைத்துக்கொண்டு காத்திருந்தேன். "மிஷினக்கா, தப்பா எடுத்துக்காதீங்க... தண்ணி கொஞ்சம்... சரி பரவாயில்ல, இருக்கட்டும்" என்றாராம். பாதி மிஷின் சத்தத்தில் போயிற்று. எனக்கு 'எடுத்துக்காதீங்க' மட்டும் கேட்டது. என்னை அவர் வாங்க போங்க என்று பேசியதே இல்லை. நான் என்ன தப்பு செய்தேன் என்று யோசித்ததில் அடுத்த கலவையில் சிமெண்டைக் குறைத்துப் போட்டேன். நல்ல வேளையாகக் கொட்டுவதற்கு முன் பார்த்துச் சரி செய்தேன்.

மரியாதையாகப் பேசுகிறவர்களிடம் எனக்கு எப்போதுமே ஒரு பயம் உண்டு. வீட்டைக் காலி செய்யச் சொல்கிறவர்கள்தான் என்னிடம் ரொம்ப மரியாதையாகப் பேசியிருக்கிறார்கள். அன்று சாரத்தில் நின்ற எல்லோருக்கும் அந்த நினைப்புதான். ஒருத்தி, தன் வீட்டுத் தளத்தில் மேஸ்திரி ஏதோ குறை கண்டுபிடித்து அதைச் சொல்ல முடியாமல் தவிக்கிறார் என்றாள். வயர்மேன், இந்த வீட்டை விற்றுவிடப் போகிறாரோ என்றார். பேச்சு வளர்ந்தது, கை தளர்ந்தது. ஒரு சட்டி மேலே போவதற்குள் கீழே மூன்று சட்டி நிரம்பி நின்றது. மேல் அடுக்கில் சும்மா நின்றார்கள், கீழ் அடுக்கில் மூச்சு வாங்கினார்கள். தளத்தில் பாதி போட்டாகியிருந்தது. மேற்கே வானம் கறுத்துக்கொண்டு வந்தது.

நடு அடுக்கில் நெட்டைக்கும் அவனுக்குக் கீழே நின்றவனுக்கும் முட்டிக்கொண்டது. நீ மெதுவா வாங்குற, நீ வேகமா குடுக்குற என்று சண்டை. மேஸ்திரி மேலேயிருந்து இரண்டு கையையும் பிசைந்துகொண்டு, "தம்பி, முடிஞ்சா கொஞ்சம் வேகமா வாங்கிக்கிறீங்களா?" என்றார். நெட்டை நிமிர்ந்து பார்த்தான். அவன் முகம் சுண்டிவிட்டது. குத்திக்காட்டுகிறார் என்று எடுத்துக்கொண்டான்.

அப்போதுதான் அது நடந்தது. மேலே யாரோ காலிச் சட்டியை ஓரமாகத் தள்ளினார்கள். கீழே சுருட்டை வேறு சட்டியைப் பொறுக்கக் குனிந்திருந்தாள். மேஸ்திரி பார்த்துவிட்டார். வாய் திறந்ததை நானும் பார்த்தேன். வழக்கமாக வரும் ஒற்றைச் சொல்லை விழுங்கிவிட்டு, "அம்மா, அங்க நிக்கிறவங்க கொஞ்சம் தயவு செஞ்சு..." என்று ஆரம்பித்தார். அவர் அந்த வார்த்தையை முடிப்பதற்குள் சட்டி தரைக்கு வந்துவிட்டது. சுருட்டையின் தோளை உரசி, காலுக்குப் பக்கத்தில் விழுந்து, உருண்டு என் மிஷின் சக்கரத்தில் மோதி நின்றது. ஒரு சாண் தள்ளியிருந்தால் தலை.

எல்லாம் நின்றது. நெட்டை கையிலிருந்த சட்டியைப் பலகையில் வைத்துவிட்டு சாரத்திலிருந்து குதித்தான். அவன் ஆட்களும் இறங்க ஆரம்பித்தார்கள். அன்றைக்கு அவன் வீட்டில் நடந்தது அப்படியே மறுபடி நடக்கிறது என்று நினைத்தேன். மிஷினுக்குள் கலவை சுற்றிக்கொண்டிருந்தது. வானத்தில் பாதி கறுப்பு.

மேஸ்திரி ஏணியில் விழாத குறையாக இறங்கி ஓடி வந்தார். நெட்டையின் முன்னால் போய் நின்று இரண்டு கையையும் சேர்த்தார். "தம்பி, போயிடாதீங்க. உங்க கால்ல வேணும்னாலும் விழுறேன். பாதியில போயிடாதீங்க."

"யாருய்யா போறா?" என்று நெட்டை கத்தினான். "என்னய்யா ஆச்சு உனக்கு? அந்தப் பொண்ணு தலை தப்பினது தெரியுமா? தலைன்னு ஒரு வார்த்தை கத்துனா என்ன, வாய் வெந்தா போகும்? காலையிலேருந்து தம்பி, தயவு செஞ்சு, வாங்கிக்கிறீங்களா... நான் யாரு உனக்கு? வெளியாளா? என் வீட்டுல அன்னைக்கு நீ திட்டுனதுகூட வலிக்கல, என் மாமனார் முன்னாடி திட்டுனதுதான் வலிச்சுது. இன்னைக்கு நீ பேசுறது அதைவிட வலிக்குதுய்யா. திட்டுய்யா! நீ கத்துனாதான் எனக்குக் கால் பலகையில நிக்குது!"

"ஆமாண்ணே" என்றாள் சுருட்டை தோளைத் தேய்த்துக்கொண்டே. "அடுத்து எங்க போகணும்னே தெரியல எங்களுக்கு."

மேஸ்திரி திரும்பி அண்ணியைப் பார்த்தார். அண்ணி மணல் குவியல் பக்கத்தில் சட்டியும் கையுமாக நின்றிருந்தார். முகம் வெளுத்திருந்தது. எங்கள் எல்லோர் கண்ணும் அண்ணியின் மேல். நான் மிஷின் பக்கத்திலிருந்து, "அண்ணி, உள்ள கலவை இருக்கு, இறுகப் போகுது. சீக்கிரம் ஒரு முடிவு சொல்லுங்க" என்றேன்.

அண்ணி சட்டியை டமாரென்று கீழே போட்டார். "என்னைய ஏன் பாக்குறீங்க? திட்டித் தொலைங்களேன்!"

மேஸ்திரி ஏணியில் ஏறினார். ஓரத்தில் போய் நின்றார். முதலில் குரல் உடைந்துதான் வந்தது. "நெட்டை" என்றார். நெட்டை தன் இடத்துக்கு ஏறி நிமிர்ந்து நின்றான். "நெட்டை! உன் மாமனாருக்குக் கண்ணு நல்லாத்தான்டா தெரியும்! எனக்குத்தான் தெரியல! அவர் வந்து நின்னது எனக்குத் தெரியலடா! இப்ப என்ன, மாலை போட்டாதான் சட்டி வாங்குவியா? எட்டி வாங்கு!"

நெட்டை சிரித்தானா, கண்ணைத் துடைத்தானா என்று எனக்குச் சரியாகத் தெரியவில்லை. ஆனால் எட்டி வாங்கினான்.

அதற்குப் பிறகு அந்தக் குரல் எங்களை விடவில்லை. காலையிலிருந்து அடக்கி வைத்ததையெல்லாம் சேர்த்து அவிழ்த்துவிட்டார். வயர்மேனை, "ஒயரைப் புடிக்கிற மாதிரி பயந்து பயந்து புடிக்காத, ஷாக் அடிக்காது!" என்றார். என்னை, "மிஷினக்கா, மிஷின் ஓடுதா, நீ தாலாட்டுறியா?" என்றார். அண்ணியையும் விடவில்லை. "அங்க யாரு, துணி தைக்கிற மாதிரி மணலை எண்ணி எண்ணிப் போடுறது?" என்றதும், அண்ணி வாயில் கை வைத்துக்கொண்டு சிரித்தார். வேலை இடத்தில் தன் புருஷன் கத்துவதை அண்ணி நேரில் கேட்டது அதுதான் முதல் தடவை. சட்டிகள் எங்கும் நிற்காமல் போயின. "தலை!" என்ற சத்தம் கேட்கும்போதெல்லாம் சுருட்டை பார்க்காமலே ஒரு அடி நகர்ந்தாள். முன்பு போட்ட பாதியின் ஓரம் இன்னும் இறுகவில்லை. மேஸ்திரி அதைக் கம்பியால் குத்திப் பார்த்து, புதுக் கலவையை அதன் மேல் ஏற்றி, கலந்து அடித்துச் சேர்த்தார்.

கடைசி மூலை மூடியபோது முதல் தூறல் விழுந்தது. யாரும் சொல்லாமலே எல்லோரும் மேலே ஏறினோம். தார்ப்பாயை ஆளுக்கொரு ஓரம் பிடித்து, காற்றுக்கு அது துள்ளத் துள்ள, புதுத் தளத்தில் படாமல் கட்டைகளின் மேல் இழுத்துக் கட்டினோம். ஒரு மூலையில் மேஸ்திரி, எதிர் மூலையில் நெட்டை. "இழுடா!" என்றார் இவர். "இழுத்துக்கிட்டுதான்யா இருக்கேன்!" என்றான் அவன். கயிற்றை முடிந்து இறங்கியதும் மழை கொட்டியது.

பக்கத்தில் என் வீடு. எல்லோரும் அதற்குள் ஓடி நுழைந்தோம். உடம்பெல்லாம் சிமெண்டும் சேறுமாக, என் ஒற்றை அறையில் சுவரோடு சுவராக உட்கார்ந்தார்கள். துடைத்த தரை போயிற்று என்று அன்று எனக்குக் கோபம் வரவில்லை. அடுப்பில் டீக்கு வைத்தேன். அண்ணி வாசலில் நின்று தார்ப்பாயிலிருந்து தண்ணீர் ஓரமாக வழிந்து ஓடுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு, "உள்ள போகலைங்க, ஒரு சொட்டு உள்ள போகல" என்றார்.

மேஸ்திரி உட்காரவில்லை. அறை நடுவில் நின்றுகொண்டு ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். நன்றி அது இது என்று சொல்லி மறுபடி எங்களை வெளியாளாக்கிவிடுவாரோ என்று எனக்குப் பயமாக இருந்தது. அவர் நன்றி சொல்லவில்லை. அவ்வளவு கத்தியதில் தொண்டை கட்டிப்போயிருந்தது. கிட்டத்தட்ட காற்றாக வந்த குரலில் கேட்டார்.

"யாரும் போகலல்ல?"

மனிதர் காலையிலிருந்து கூரையைப் பற்றிப் பயந்துகொண்டிருக்கிறார் என்று நானும் அண்ணியும் நினைத்திருந்தோம்.

நெட்டைதான் பதில் சொன்னான். "எங்கண்ணே போறது? வெளிய மழை."

அறையே சிரித்தது. நெட்டை கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டான். மேஸ்திரி போய் அவன் பக்கத்தில் உட்கார்ந்தார்.